மாதம் பதினோராயிரத்துப் பதினொன்று

அருப்புக்கோட்டையில் என் அக்கா வீட்டு வாசலில், கேட்டுக்கு இடது பக்கம், காம்பவுண்டுச் சுவரை ஒட்டி ஒரு பழைய மொபட் நிற்கிறது. ஓடாது. டயர் இரண்டும் காற்றுப் போய்த் தரையோடு ஒட்டிக் கிடக்கின்றன. பழைய இரும்புக்காரர் வரும்போதெல்லாம் விலை கேட்டுப் பார்க்கிறார், அக்கா கொடுப்பதில்லை. தினமும் வாசல் தெளித்த கையோடு ஈரத்துணியை எடுத்து அதைத் துடைக்கிறாள். பார்க்கிறவர்கள், செத்துப்போன புருஷன் வண்டி, பாசத்தில் வைத்திருக்கிறாள் என்று நினைக்கிறார்கள். பாசம் இருக்கிறதுதான். ஆனால் வண்டி அங்கே நிற்பதற்குப் பாசம் காரணம் இல்லை. அதற்குப் பின்னால் சுவரில் நீலப் பெயிண்டில், இரண்டு வரியில், இந்த வீடு எங்கள் நிறுவனத்தில் அடமானத்தில் உள்ளது என்று ஒரு கடன் கம்பெனி தன் பெயரையும் போட்டு எழுதி வைத்திருக்கிறது. அதை மறைக்கத்தான் என் அத்தான் அந்த வண்டியை அங்கே நிறுத்தினார்.

அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு ஆத்திரம் வருகிறது. அந்த மொபட்டை அவர் வாங்கியது மில்லுக்குப் போய் வருவதற்கு. சுவரில் எழுத்து வந்த பிறகு வண்டியை வாசலில் நிறுத்திவிட்டு, மெயின் ரோடுவரை நடந்து போய் மில் பஸ்ஸைப் பிடித்தார். வண்டியை எடுத்தால் எழுத்து வெளியே தெரியும். எழுத்து தெரிந்தால் அக்கா அன்றைக்குச் சோறு தின்ன மாட்டாள். சொந்த வண்டியை வைத்துக்கொண்டு நடந்தே போன ஒரு மனிதர் அருப்புக்கோட்டையில் இருந்தார் என்றால், அது என் அத்தானாகத்தான் இருக்கும்.

நான் பந்தல்குடியில், தூத்துக்குடி ரோட்டில் சாப்பாட்டுக் கடை வைத்திருக்கிறேன். லாரிக்காரர்கள் வருகிற கடை. அத்தான் பாலவனத்தம் பக்கம் ஒரு நூற்பு மில்லில் வேலை பார்த்தார். பஞ்சுப் பொதியை உடைத்து மெஷினுக்குக் கொடுக்கிற இடம். மில்லிலேயே அதிகமாகத் தூசி பறக்கிற இடம் அதுதான். ஷிப்டு முடிந்து நேராக என் கடைக்கு வந்தால் புருவம், மீசை, காது மடல் முழுக்க வெள்ளைப் பஞ்சு ஒட்டியிருக்கும். "வாங்க அத்தான், மாவுல பெரட்டியாச்சு, எண்ணெய் காயுற வரைக்கும் செத்த ஒக்காருங்க" என்பேன். "ஏத்தா, ஒங்க அக்கா ஏற்கெனவே ஒரு பக்கம் வேக வச்சுத்தான் அனுப்பிருக்கா. நீ மறுபக்கம் திருப்பிப் போடு" என்பார். சிரித்தால் இருமல் வரும். அந்தக் காலத்தில் அந்த இருமலையும் நாங்கள் சிரிப்பின் ஒரு பகுதியாகத்தான் எடுத்துக்கொண்டோம்.

மில்லில் அவருக்கு இன்னொரு மரியாதை உண்டு. சீட்டுப் பிடிப்பார். இருபது பேர், இருபது மாதம், ஏலச்சீட்டு. அவர் பிடித்த சீட்டில் ஒருவருக்கும் பணம் போனது கிடையாது. யார் எப்போது எடுத்தால் எவ்வளவு தள்ளுபடி போகும், யாருக்கு எவ்வளவு கழிவு வரும் என்பதையெல்லாம் டீ ஆறுவதற்குள் வாயால் சொல்லிவிடுவார். அவசரக்காரர் முதல் மாதமே ஏலத்தில் குறைத்துக் கேட்டு எடுத்துக்கொள்வார். அதில் என்ன நஷ்டமோ அது அன்றைக்கே தெரிந்துவிடும். அதன் பிறகு கடைசி மாதம்வரை தவணையைக் கட்ட வேண்டியதுதான். பத்து மாதம் கட்டினால் பாதி முடிந்தது. ஒருவர் நாலு தவணையை முன்கூட்டியே கொண்டுவந்து கட்டினாலும் அவருக்கு ஒரு பைசா குறையாது. "அப்படிக் கட்டுறவன் கிறுக்கன்" என்பார் அத்தான். சீட்டைப் பொறுத்தவரை அது சரியான பேச்சு.

அவர் வீட்டுக் கடன் வாங்கினது அக்காவுக்காக. அதற்கு முன்னால் இருந்த வாடகை வீட்டில் தண்ணீர் மோட்டாரின் சாவி வீட்டுக்காரம்மாவின் இடுப்பில் இருக்கும். சித்திரை வெயிலில், தொட்டி காய்ந்து கிடக்கும்போது, அந்த அம்மா குளித்துத் துவைத்துத் தூங்கி எழுந்து வந்து மோட்டாரைப் போடும்வரை அக்கா குடத்தோடு வாசலில் நிற்பாள். ஒரு நாள், "ஒங்களுக்கு என்ன, ரெண்டு உருப்படிக்கு ஆறு கொடமா" என்று அந்த அம்மா கேட்டுவிட்டது. மகள் அப்போது பள்ளிக்கூடத்தில் படித்துக்கொண்டிருந்தாள். அவளைக் கணக்கிலேயே சேர்க்கவில்லை. அன்றைக்கு அக்கா குடத்தைக் கவிழ்த்து வைத்துவிட்டு, "இனிமே இன்னொருத்தி மோட்டாரப் பாத்து நான் நிக்க மாட்டேன்" என்று சொன்னாள். அத்தான் மறு மாதமே ஊருக்கு வெளியே மூன்று செண்டு மனை பார்த்தார். பேப்பரில் ஏதோ அப்ரூவல் இல்லை என்று பாங்கில் கை விரித்துவிட்டார்கள். அந்தக் கடன் கம்பெனிதான் கொடுத்தது. பத்து லட்சம். இருபது வருஷம். ஜாமீன் கையெழுத்து நான் போட்டேன்.

பணம் கிடைத்த அன்றைக்கு அவர் என் கடைக்கு வந்து பேசினது அப்படியே நினைவிருக்கிறது. வடைத் தட்டைத் தள்ளி வைத்துவிட்டு மேஜையில் விரலால் கோடு போட்டுக் காட்டினார். "ஊருக்குள்ள மூணு ரூபா வட்டி, அஞ்சு ரூபா வட்டின்னு உருவுறாய்ங்க. இவன் நூத்துக்கு ஒரு ரூபா வட்டிக்குத் தாரான். இது ஒரு பெரிய சீட்டுன்னு வச்சுக்க. இருநூத்தி நாப்பது மாசச் சீட்டு. நான் மொத மாசமே எடுத்துட்டேன். அம்புட்டுத்தான். கட்டிக்கிட்டே போனா முடிஞ்சுரும்." மாதத் தவணை பதினோராயிரத்துப் பதினொன்று என்றார். எனக்குச் சிரிப்பு வந்தது. "என்ன அத்தான், மொய் எழுதுற மாதிரி இருக்கு" என்றேன். அவருக்கும் அது பிடித்துப்போனது. "ஆமா, இருபது வருசத்துக்கு மாசாமாசம் நம்ம வீட்டுக்கு நாமளே மொய் எழுதுறோம்" என்றார். அக்காவிடமும் அப்படியே சொல்லியிருக்கிறார். முடிகிற இடத்தில் ஒன்று இருப்பதால் நல்ல சகுனம் என்று அவள் அக்கம்பக்கத்தில் சொல்லிக்கொண்டு திரிந்தாள்.

பால் காய்ச்சி ஒரு வாரம் இருக்கும். அச்சுத் தகடும் நீலப் பெயிண்டு டப்பாவுமாக ஒருவர் வந்து சுவரில் எழுதிவிட்டுப் போனார். ஒப்பந்தத்தில் அது இருந்ததாம். அக்கா உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். புது வீட்டைப் பார்க்க வந்தவர்கள் எழுத்தைப் பார்த்துவிட்டுப் போனார்கள். சாயங்காலம் அத்தான் வந்து வண்டியை ஸ்டாண்டைத் தட்டி அங்கே சாய்த்து நிறுத்தினார். பின்னால் ஒரு காலி உரச் சாக்கையும் மடித்துப் போட்டார். "இப்பத் தெரியுதா?" என்று உள்ளே பார்த்துக் கேட்டார். அக்கா ஜன்னல் வழியாகப் பார்த்து, "தெரியல" என்றாள். அதற்குப் பிறகுதான் சோறு தின்றாள்.

அந்தக் கடனை அவர் சீட்டாகவே பார்த்தார். எங்கள் எல்லாருக்கும் அது சரியாகத்தான் பட்டது. நாங்கள் பார்த்த கடன் இரண்டு வகை. ஒன்று சீட்டு. இன்னொன்று கந்துவட்டி. கந்துவட்டிக்காரர் கெட்டவர்தான், ஆனால் முதல் அப்படியே நிற்கிறது என்று முகத்துக்கு நேராகச் சொல்லிவிடுவார். வட்டியைத்தான் கட்டியிருக்கிறாய், முதலில் கை வைக்கவில்லை என்று கடைவீதியில் நின்று கத்துவார். இந்தக் கம்பெனி கத்தவில்லை. மாதாமாதம் ஐந்தாம் தேதி பாங்குக் கணக்கிலிருந்து சத்தமில்லாமல் எடுத்துக்கொண்டது. முதல் மாதம் எடுத்த பதினோராயிரத்துப் பதினொன்றில் பத்தாயிரம் வட்டிக்குப் போனது. கடனில் குறைந்தது ஆயிரத்துப் பதினொன்று. மொய் என்று சிரித்தோமே, வீட்டுக்குப் போன மொய் அவ்வளவுதான். மீதி எல்லாம் கம்பெனிக்குப் போன மொய். இதை ஒருவர் அன்றைக்கே தமிழில் சொல்லியிருந்தால் அத்தானுக்கு அரை நிமிஷத்தில் புரிந்திருக்கும். சீட்டுப் பிடிக்கிற மனிதர் அவர்.

வருஷா வருஷம் தீபாவளிக்கு மில்லில் போனஸ் வரும். ஏறக்குறைய இருபத்தைந்தாயிரம். அதை அவர் சீட்டில் போட்டு, எடுத்து, வீட்டில் போட்டார். முதலில் கேட். அப்புறம் முன்பக்கம் போர்டிகோ. கார் இல்லாத வீட்டுக்குப் போர்டிகோ எதற்கு என்று நான் கேட்டேன். "மகளைப் பாக்க வாரவுக கார்ல வருவாகல்ல" என்றாள் அக்கா. அப்படியே வந்தார்கள், சொந்த வீடு இருக்கிறது என்று சொல்லித்தான் விருதுநகரில் நல்ல இடத்தில் அவளைக் கட்டிக்கொடுத்தோம். அதற்கு அப்புறம் மாடிப்படி. மேலே மாடி கிடையாது. பின்னால் கட்டலாம் என்று படியை மட்டும் கட்டினார்கள். அதில் ஏறி அக்கா வத்தல் காயப் போடுவாள். இவ்வளவுக்கும் நடுவில் அந்தப் பணத்தைக் கடனில் கொண்டுபோய்க் கட்டலாம் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை. சீட்டில் முன்கூட்டிக் கட்டுகிறவன் கிறுக்கன்.

பத்தாவது வருஷம் அத்தானால் அந்தப் படியில் ஏற முடியவில்லை. பாதிப் படியில் உட்கார்ந்து, மேலே இருக்கிற வத்தல் தட்டைப் பார்த்துக்கொண்டு மூச்சு வாங்குவார். அருப்புக்கோட்டைப் பெரிய டாக்டர் படம் எடுத்துப் பார்த்துவிட்டு, "இன்னும் அந்தப் பஞ்சுக்குள்ள நின்னீகன்னா நான் மாத்திரை எழுதி என்ன பிரயோசனம்" என்று நேராகக் கேட்டார். அத்தான் பதறவில்லை. அவர் ஏற்கெனவே கணக்குப் போட்டு வைத்திருந்தார். மில்லிலிருந்து நின்றால் செட்டில்மெண்டாக ஐந்து லட்சம் வரும். கடனில் பாதி மாதம் முடிந்துவிட்டது, அதனால் மீதி ஐந்து லட்சம். இதைக் கொடுத்து அதை முடித்துவிட்டு என் கடைக்கு முன்னால் டீப் பட்டறை போடுவது. "ஒனக்குப் போட்டியா இல்ல, ஒனக்குள்ளதான். வாடகை கேட்டுறாத" என்றார். மதுரைக்குப் போய்ப் பழைய பாய்லர் ஒன்றைப் பார்த்து வாங்கி, பஸ்ஸில் லக்கேஜ் போட்டுக் கொண்டுவந்து என் கடை மூலையில் இறக்கினார். அன்றைக்கு முழுக்க அதைப் புளி போட்டுத் தேய்த்தார். கடைக்கு வந்த டிரைவர்கள் "மாஸ்டர், ஒரு ஸ்ட்ராங்" என்று சும்மாவே ஆர்டர் கொடுத்தார்கள். "தை பொறக்கட்டும்யா, தாரேன்" என்று எல்லாருக்கும் பதில் சொன்னார். அவர் அவ்வளவு சந்தோஷமாக இருந்து அதற்கு முன்னாலும் பின்னாலும் நான் பார்த்ததில்லை.

கம்பெனி ஆபீசுக்கு நானும் கூடப் போனேன். கண்ணாடிக் கதவு, ஏசி. டை கட்டிய ஒரு தம்பி கம்ப்யூட்டரைத் தட்டிப் பார்த்துவிட்டு, "எட்டு லட்சத்துத் தொண்ணூத்தி மூணாயிரம் சார்" என்றார்.

அத்தான் லேசாகச் சிரித்தார். "தம்பி, அது வேற ஆளு கணக்கு. பேரச் சரியாப் பாருங்க."

அவர் பேரைச் சரியாகப் படித்தார். எங்கள் பேர்தான்.

"நான் வாங்குனதே பத்து லட்சம். பத்து வருசமா ஒரு மாசம் தவறாமக் கட்டிருக்கேன். பதிமூணு லட்சத்துக்கு மேல கட்டியாச்சு."

"ஆமா சார். மோஸ்ட்லி இன்ட்ரெஸ்ட் போயிருக்கும். இன்னும் பதினாறு வருஷம் இருக்கு."

"வாங்குனதே இருபது வருசத்துக்குத்தானய்யா. பத்துப் போனா பத்து."

"நடுவுல வட்டி கூடுச்சுல்ல சார். பன்னெண்டு பர்சென்ட் பதிமூணாச்சு. இஎம்ஐ ஏத்துனா உங்களுக்குக் கஷ்டமா இருக்கும்னு மாசத்தை நீட்டியிருக்காங்க. மெசேஜ் வந்திருக்குமே."

நூற்றுக்கு மாதம் எட்டுப் பைசா. அதுதான் கூடியது. எட்டுப் பைசாவுக்கு ஆறு வருஷம். நான் கத்தினேன். "கஷ்டமா இருக்கும்னு நீங்களா நெனச்சுக்கிட்டு அவுக ஆயுச எடுத்துக்குவீகளா? வட்டி கூடுனா கூடுச்சுன்னு வீட்டுக்கு வந்து சொல்ல வாயில்லையா? செவத்துல எழுத மட்டும் ஆள் வருது?" உள்ளேயிருந்து மேனேஜர் எட்டிப் பார்த்தார். அந்தத் தம்பி, "மேடம், நான் போன மாசம்தான் சேந்தேன்" என்றார். பாவம், அவருக்கும் மாதத் தவணை ஏதாவது இருந்திருக்கும். அத்தான் கண்ணாடிக் கதவை இழுக்க வேண்டிய பக்கம் தள்ளிக்கொண்டே நின்றார். நான்தான் இழுத்துத் திறந்துவிட்டேன்.

பஸ் ஸ்டாண்டில் டீ வாங்கிக் கொடுத்தேன். ஒரு வாய் குடித்துவிட்டு, "தூளு பழசு. பாலக் காயவே விடல. இவன்லாம் பட்டறை போட்டுட்டான்" என்றார். பிறகு கிளாசை வைத்துவிட்டு மணி பார்த்தார். "ரெண்டாவது ஷிப்டுக்கு நேரமாச்சு. நீ போ" என்று மில் பஸ் நிற்கிற இடத்துக்கு நடந்தார்.

அந்த வாரமே நான் அக்கா வீட்டுக்குப் போய்ச் சண்டை போட்டேன். வீட்டை விற்றுவிடுங்கள், கடனை அடைத்துவிட்டு மீதியில் எங்கேயாவது சின்னதாக இருந்துகொள்ளுங்கள் என்றேன். அக்கா முறத்தைக் கீழே வைத்தாள். "வித்துட்டு? மறுபடியும் கொடத்தத் தூக்கிட்டு எவ வாசல்ல நிக்கச் சொல்லுற? மருமகன் வீட்டுல கேட்டா என்ன சொல்ல? போர்டிகோவப் பாத்துத்தானடி பொண்ணெடுத்தாக." நான், "போர்டிகோவுக்கு மூச்சு முட்டாது, அவுகளுக்கு முட்டுது" என்றேன். "நான் மட்டும் அவுகளச் சாகவா சொல்லுறேன்?" என்று அவள் அழ ஆரம்பித்தாள். இருவருமே கத்தினோம். அத்தான் மாடிப்படியின் கீழ்ப்படியில் உட்கார்ந்து செருப்பு மாட்டிக்கொண்டிருந்தார். "ரெண்டு பேரும் தெருவுக்குக் கேக்குற மாதிரிப் பேசாதீக" என்றார். "அந்தா வண்டிய நிறுத்தி மூடி வச்சிருக்கேன். நீங்க வாயத் தொறந்து காட்டிருவீக போல." அவ்வளவுதான் அவர் சொன்னது. எழுந்து நடந்துபோனார். வீட்டை வைத்திருந்தால் மில்லை விட முடியாது. மில்லை விட்டால் வீட்டை வைத்திருக்க முடியாது. விற்றால் அக்கா உடைந்துபோவாள். இந்த மூன்றுக்கும் நடுவில் கிடந்த மனிதருக்கு நடப்பதற்கு மீதி இருந்த ஒரே பாதை, வீட்டிலிருந்து மில் பஸ்வரை போகிற பாதை.

அதற்குப் பிறகு இரண்டு வருஷம் வேலை பார்த்தார். பாய்லரைப் பற்றி அவராகப் பேசியதே இல்லை. என் கடைக்கு வந்தால் அது இருக்கிற மூலைக்கு முதுகைக் காட்டி உட்காருவார். நான் அதன்மேல் அரிசிச் சாக்கைப் போட்டு மூடினேன். கடைசியில் மதுரைப் பெரிய ஆஸ்பத்திரியில், மூக்கில் குழாயை வைத்துக்கொண்டு, என்னைக் கிட்டே கூப்பிட்டார். ஏதோ சொல்லப் போகிறார் என்று குனிந்தேன். "அஞ்சாந்தேதி வருது. கணக்குல பணம் கெடக்கான்னு பாத்துக்க. தவணை திரும்பிறப் போவுது" என்றார். கடைசியாக அவர் என்னிடம் கேட்டது அதுதான். பணம் கிடந்தது. தவணை தவறவில்லை. அவர் பிடித்த எந்தச் சீட்டிலும் தவறியது கிடையாது.

காரியம் எல்லாம் முடிந்த பிறகு மில்லில் செட்டில்மெண்டு வந்தது. ஐந்தரை லட்சம். அக்கா அதைக் கையில் வைத்திருக்க மாட்டேன் என்றாள். கடனில் கொண்டுபோய்க் கொட்டு என்றாள். அதே ஆபீசுக்குப் போனோம். அந்தத் தம்பி இல்லை. ஒரு பெண் இருந்தது. பொறுமையான பெண். கம்ப்யூட்டரை எங்கள் பக்கம் திருப்பி வைத்துவிட்டு, "இதக் கட்டுனா ரெண்டு விதமாப் பண்ணலாம்மா. மாசத் தவணையக் குறைக்கணுமா, வருஷத்தக் குறைக்கணுமா?" என்று கேட்டது.

வருஷத்தைக் குறைக்க முடியும் என்பதே எனக்கு அப்போதுதான் தெரியும். தவணையை அப்படியே வைத்துக்கொண்டு வருஷத்தைக் குறைத்தால் எவ்வளவு நாள் என்று கேட்டேன். மூன்று வருஷத்துக்குள் முடிந்துவிடும் என்றது. ரெண்டு வருஷத்துக்கு முன்னால், அவர் உயிரோடு நின்றுகொண்டு கேட்ட அன்றைக்கு ஐந்து லட்சம் கட்டியிருந்தால் என்று கேட்டேன். அது தட்டிப் பார்த்து, "நாலு வருஷத்துக்குள்ளம்மா" என்றது. நாலு வருஷம். என் கடை வாசலில் டீ ஆற்றி அந்தத் தவணையை அவர் கட்டியிருப்பார். வராத மாதம் நான் போட்டிருப்பேன். அந்தக் கண்ணாடி ஆபீசில் எங்களிடம் பதினாறு வருஷம் என்று மட்டும்தான் சொன்னார்கள். ஐந்து லட்சத்தைக் கட்டினால் அந்தப் பதினாறு எவ்வளவு ஆகும் என்று அவர்களும் சொல்லவில்லை, நாங்களும் கேட்கவில்லை. எங்களுக்குத் தெரிந்த சீட்டில் மாதம் குறையாது.

நான் அதோடு விட்டிருக்க வேண்டும். விடவில்லை. வருஷத்துக்கு ஒரு தடவை இருபத்தைந்தாயிரம் முதலிலிருந்தே கட்டியிருந்தால் என்று கேட்டேன். அந்தப் பெண் என் முகத்தைப் பார்த்துவிட்டு, "அதெல்லாம் இப்ப எதுக்கும்மா" என்றது. சொல்லும்மா என்றேன். மொத்தமே பதின்மூன்று வருஷத்தில் முடிந்திருக்கும் என்றது. இருபத்தாறு வருஷத்தில் சரிபாதி. கேட்டும் போர்டிகோவும் மேலே மாடியில்லாத படியும் எங்களிடம் வாங்கிய விலை அது. வீட்டின் விலை பத்து லட்சம் என்று நாங்கள் ஊரெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தோம். கடைசிவரை கட்டியிருந்தால் முப்பத்தைந்து லட்சத்தைத் தொட்டிருக்கும். அதுவும் பணம் மட்டும். அக்கா எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். அவளுக்குப் புரிந்ததா என்று எனக்குத் தெரியவில்லை. வெளியே வந்ததும், "அந்தப் படிய இடிச்சுறலாமா?" என்று கேட்டாள். அவளுக்குப் புரிந்துவிட்டது.

படியை இடிக்கவில்லை. இடிப்பதற்கும் கூலி கொடுக்க வேண்டும். இப்போது அக்கா தினமும் காலையில் அருப்புக்கோட்டையிலிருந்து பஸ் ஏறிப் பந்தல்குடிக்கு வருகிறாள். என் கடை வாசலில் அந்தப் பாய்லர் எரிகிறது. அவள்தான் டீ ஆற்றுகிறாள். சர்க்கரையை அள்ளிப் போடுகிறாள். டிரைவர்கள் முகத்தைச் சுளித்துக்கொண்டே குடிக்கிறார்கள். பதினோராயிரத்துப் பதினொன்றை அந்த டீதான் கட்டுகிறது. ஜாமீன் போட்டவள் நான், கடன்காரி அவள், அதனால் எங்கள் இருவரில் ஒருவரும் காய்ச்சல் என்று ஒரு நாள் படுக்க முடியாது. உடம்பு சரியில்லை என்றால் முதலில் தேதியைத்தான் பார்க்கிறோம். வீடு கட்டப் போகிறேன், லோனு கிடைத்துவிட்டது என்று சிரித்த முகத்தோடு சொல்லுகிற டிரைவர்களிடம் நான் ஒன்றே ஒன்று கேட்கிறேன். முதல் மாதத் தவணையில் முதலுக்கு எவ்வளவு போகிறது என்று கேட்டுக்கொண்டு வாருங்கள் என்கிறேன். "என்னக்கா, வாழ்த்துச் சொல்லாம வாத்தியார் மாதிரிக் கேக்குற" என்கிறார்கள். கேட்டு வந்து சொன்னவர் இதுவரை ஒருவர்தான். அவர் அன்றைக்கு டீக்குக் காசு கொடுக்க மறந்துவிட்டுப் போனார். நான் கூப்பிடவில்லை.

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை நான் அக்கா வீட்டில் இருந்தபோது அச்சுத் தகடும் பெயிண்டு டப்பாவுமாக ஒருவர் வந்தார். முன்னால் வந்தவர் இல்லை, இவர் வயதானவர். கம்பெனியிலிருந்து வருவதாகவும், எழுத்து மங்கிவிட்டதாக யாரோ பார்த்துச் சொன்னதாகவும், அதைப் புதுப்பிக்க வேண்டும் என்றும் சொன்னார். "வண்டியச் செத்த நகட்டுங்கம்மா" என்றார். "ரெண்டு வருசந்தான்யா மிச்சம் கெடக்கு. அதுக்கு எதுக்குப் புதுப் பெயிண்டு?" என்று நான் எகிறினேன். "எனக்குச் செவத்துக்கு இம்புட்டுன்னு கூலிதான். நீங்க நகட்டுறீகளா, நான் நகட்டவா" என்றார் அவர். அவரிடம் கத்தி என்ன ஆகப் போகிறது. அக்கா ஹேண்டில்பாரைப் பிடித்து இழுத்தாள். டயர் மண்ணோடு ஒட்டியிருந்ததால் வரவில்லை. நான் பின்னால் பிடித்துத் தூக்க, இருவருமாக நகர்த்தினோம். சுவரில் ஹேண்டில்பார் உரசி உரசிச் சில எழுத்துகள் காரையோடு பெயர்ந்து போயிருந்தன. இத்தனை வருஷம் சாய்ந்து நின்று வண்டி அவ்வளவு அழித்திருந்தது. பெயிண்டர் அதில் வெள்ளையைப் பூசி, தகட்டை வைத்து, நீலத்தை அடித்தார். முதல் நாள் இருந்தது போலவே பளிச்சென்று வந்துவிட்டது. எதிர்வீட்டுப் பெண் பால் பாக்கெட்டோடு நின்று படித்துவிட்டு உள்ளே போனாள்.

பெயிண்டர் தெரு திரும்பும் முன்பே அக்கா வண்டியைப் பிடித்தாள். "காயட்டும், இரு அக்கா" என்றேன். கேட்கவில்லை. தனியாகவே நெஞ்சை முட்டுக்கொடுத்துத் தள்ளி, அத்தான் நிறுத்திய அதே இடத்தில், அதே சாய்மானத்தில் நிறுத்தினாள். சாக்கை மடித்துப் பின்னால் போட்டாள். இரண்டடி பின்னால் வந்து நின்று பார்த்தாள்.

"தெரியுதா?" என்று கேட்டாள்.

தெரியவில்லை என்றேன். ஹேண்டில்பாரின் ரப்பரில் ஈர நீலம் ஒட்டியிருந்தது. மறுநாள் காலையில் அவள் துடைத்துப் பார்த்திருக்கிறாள். போகவில்லை.